தலையாட்டும் பிள்ளை

பத்தாம் வகுப்போடு நின்றவள் நான். நாலு பேர் கூடியிருக்கும் இடத்தில் வாய் திறக்கவே கூசுவேன். அப்படிப்பட்டவள் முகம் தெரியாத உங்களுக்கெல்லாம் எழுத உட்கார்ந்திருப்பது அதிகப்பிரசங்கித்தனம்தான். பொறுத்துக்கொள்ளுங்கள். சட்டத்தைப் பற்றிப் படித்தவர்கள் நிறைய எழுதியிருப்பார்கள். கோர்ட் வராந்தாவில் உட்கார்ந்திருக்கும்போது வயிறு என்ன பாடு படும் என்பதை எழுத என்னாலும் முடியும் என்று தோன்றியது. அவ்வளவுதான்.

கள்ளிக்குப்பத்தில் வாடகை வீட்டில் இருக்கிறேன். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் செக்கிங் வேலை. தைத்து வரும் சட்டைகளில் பிசிறு, கறை, விட்டுப்போன தையல் பார்த்து ஒதுக்கிப் போட வேண்டும். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. என் தங்கை மஞ்சள் காமாலையில் போனபோது அவள் மகள் அப்போதுதான் நடக்க ஆரம்பித்திருந்தாள். தங்கையின் கணவர் லோடு வேன் ஓட்டுபவர், பாதி நாள் வெளியூரில் இருப்பார். காரியம் முடிந்ததும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்து, "கொஞ்ச நாளு பாத்துக்கங்கக்கா" என்றார். நான் தலையாட்டி வாங்கிக்கொண்டேன். அவள் இப்போது இரண்டாம் வகுப்புப் படிக்கிறாள். என்னைப் பெரிம்மா என்று கூப்பிடுகிறாள்.

அவர் மறுபடி கல்யாணம் செய்துகொண்டு ஆவடியில் குடியேறினார். எப்போதாவது பிஸ்கட் பாக்கெட்டோடு வருவார். பிள்ளை கதவுக்குப் பின்னால் போய் நின்றுகொள்ளும். திடீரென்று ஒரு நாள் கோர்ட்டிலிருந்து நோட்டீஸ் வந்தது. பிள்ளையைத் தன்னிடம் ஒப்படைக்க வேண்டும் என்று மனு போட்டிருந்தார். அதைப் படித்ததும் பிள்ளை பள்ளிக்கூடத்தில் இருக்கிறாளா என்று பார்க்க ஓடினேன். ஓடிப் போய் வகுப்பு ஜன்னலில் எட்டிப் பார்த்துவிட்டு வந்தேன். அன்றிலிருந்து தினமும் ஒரு முறை பார்க்காமல் இருக்க முடியவில்லை.

இலவச சட்ட உதவியில் ஒரு பெண் வக்கீல் கிடைத்தார். சின்ன வயது. வேகமாகப் பேசுவார். "சட்டப்படி அப்பாதாம்மா கார்டியன். ஆனா குழந்தைக்கு எது நல்லதுன்னுதான் கோர்ட் முதல்ல பாக்கும். பயப்படாதீங்க" என்றார். முதல் பாதி மட்டும்தான் என் காதில் நின்றது.

எங்கள் வீட்டுப் பழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். பெரியவர்கள் பேசினால் தலையாட்ட வேண்டும். மறுத்துச் சொல்லக் கூடாது. நாங்கள் ஆட்டும் தலைக்கு 'நீங்கள் சொல்வது காதில் விழுகிறது' என்று அர்த்தம், சம்மதம் என்று அர்த்தமில்லை. அது எங்களுக்குத் தெரியும். கோர்ட்டுக்குத் தெரியாது.

வழக்குக்கு முன்னால் சமரசம் பேசிப் பார்க்க ஓர் அறையில் எங்களை உட்கார வைத்தார்கள். பேசியவர் வயதானவர், தன்மையானவர். "பிள்ளைக்கு அப்பா இருக்காரு, அம்மாவும் வந்தாச்சு, உங்களுக்கும் வயசாகுது. அங்க வளர்றது நல்லதுதானேம்மா?" என்றார். நான் தலையாட்டினேன். "அப்ப சரிதானே?" என்றார். "சரிங்க" என்றேன்.

வெளியே வந்ததும் வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"என்னம்மா இது! பிள்ளைய விட்டுக்கொடுக்கறேன்னு தலைய ஆட்டிட்டு வந்திருக்கீங்க? நல்லவேளை கையெழுத்து போடறதுக்குள்ள நான் உள்ள வந்தேன்."

"அவர் பெரியவருங்க மேடம். எப்படி இல்லைன்னு சொல்றது?"

வக்கீல் ஃபைலை மூடினார். பிறகு சொன்னார்: "அடுத்த வாய்தாவுல ஜட்ஜம்மா குழந்தைகிட்ட தனியா பேசுவாங்க. யார்கூட இருக்கணும்னு கேப்பாங்க. நீங்க எதையும் சொல்லிக் குடுத்துடாதீங்க. அவங்க கண்டுபிடிச்சிடுவாங்க, அது நமக்கே எதிரா திரும்பிடும்."

அங்கேதான் எனக்கு உண்மையான பயம் பிடித்தது. ஏனென்றால் அந்தப் பிள்ளையை நான் என்னைப் போலவே வளர்த்திருந்தேன்.

பக்கத்து வீட்டில் என்னோடு கம்பெனியில் வேலை செய்யும் டெய்லர் அக்கா ஒருத்தி இருக்கிறாள். வாய் அதிகம். நான் பயத்தைச் சொன்னதும் சிரித்தாள். சாயங்காலம் வீட்டுக்கு வந்து பிள்ளையை முன்னால் நிறுத்தினாள்.

"இன்னாடி குட்டி, உன்னிய கோணில போட்டுகினு போய் கோயம்பேட்ல வித்துடட்டா?"

பிள்ளை பவ்யமாகத் தலையாட்டியது.

"யக்கா, ஒண்ணும் கவலப்படாத. வாங்கினு போறவனே ரெண்டு நாள்ல திருப்பிக் கொண்டாந்து உட்டுடுவான். இதுக்கு ஒரு வாய் சோறு ஊட்றதுக்குள்ள அவனுக்குத் தாவு தீந்துடும்."

அவள் சிரித்தாள், பிள்ளையும் சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவள் போனதும் பிள்ளையை மடியில் உட்கார வைத்து, "யாராவது கேட்டா, பிடிக்கலைன்னா, இல்லைன்னு..." என்று ஆரம்பித்தேன். வக்கீல் சொன்னது நினைவுக்கு வந்தது. பாதியில் நிறுத்திவிட்டேன். சொல்லிக் கொடுத்தால் குற்றம். கொடுக்காவிட்டால் அவள் தலையாட்டிவிடுவாள். "இல்லைன்னு என்னா பெரிம்மா?" என்று கேட்டாள். "ஒண்ணுமில்ல, சாப்பிடு" என்றேன்.

வாய்தா அன்றைக்குக் குமணன்சாவடியில் பஸ் மாறிக் கோர்ட்டுக்குப் போனோம். டெய்லர் அக்காவும் லீவு போட்டுக்கொண்டு வந்தாள். வராந்தாவில் எதிர்ப் பெஞ்சில் பிள்ளையின் அப்பாவும் அவர் மனைவியும் இருந்தார்கள். அந்தப் பெண்ணை அப்போதுதான் கிட்டத்தில் பார்த்தேன். ஒல்லியாக, தூக்கம் இல்லாத கண்களோடு இருந்தாள். கெட்டவளாகத் தெரிந்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

டெய்லர் அக்காவால் சும்மா இருக்க முடியவில்லை. "இன்னா நைனா, இத்தினி வருசம் கயிச்சி இப்பத்தான் பொண்ணு நெனப்பு வந்துச்சா?"

"நீ கம்முனு கெட. உன்னியா கேட்டாங்க?"

"கேக்காமயே இவ்ளோ சொல்றேன். கேட்டா தாங்கமாட்ட."

அவர் அவளை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார். "யக்கா, உங்க மேல எனக்கு இன்னா கோவம் கீது? நீங்க வளத்தத நான் இல்லேன்னா சொன்னேன்? என் பொண்ணு, என் ஊட்ல இருக்கணும்னு நெனைக்கிறது தப்பா?"

நான் தலையாட்டினேன். டெய்லர் அக்கா என் தொடையில் கிள்ளினாள்.

டவாலி வந்து கூப்பிட்டார். பிள்ளையை மட்டும் அழைத்துக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினார்கள். போகும்போது அவள் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்கக்கூடாது என்று நான்தான் வளர்த்திருந்தேன், பெரியவர்கள் கூப்பிட்டால் நேராகப் போக வேண்டும் என்று. அது பச்சைப் பெயிண்ட் அடித்த கதவு. பெயிண்ட் உரிந்திருந்த இடங்களையே பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளேயிருந்து எந்தச் சத்தமும் வரவில்லை. வாந்தி வருவதுபோல் இருந்தது. பாத்ரூம் போகலாம் என்றால் அதற்குள் கூப்பிட்டுவிட்டால் என்ன செய்வது என்று அதற்கும் பயம். இன்று சாயங்காலமே அவளை ஆவடிக்கு அனுப்பிவிடுவார்களா, துணிமணி எடுத்துக் கொடுக்க விடுவார்களா, அவள் பாவாடைக்கு ஊக்கு எங்கே இருக்கிறதென்று அவர்களுக்குத் தெரியுமா என்றெல்லாம் மனம் ஓடியது.

கதவு திறந்தது. பிள்ளை கையில் மிட்டாயோடு வந்தாள். வக்கீல், "ஒண்ணும் கேக்காதீங்க" என்று என் காதில் சொன்னார். நான் கேட்கவில்லை. அவளே சொன்னாள்: "நான் நல்ல பிள்ளையா தலையாட்டினேன் பெரிம்மா."

அப்படியே சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

பிறகு எங்களை உள்ளே கூப்பிட்டார்கள். ஜட்ஜம்மா கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார்.

"அப்பாகிட்ட போறியான்னு கேட்டேன், தலையாட்டினா. பெரியம்மாகிட்ட இருக்கியான்னு கேட்டேன், அதுக்கும் தலையாட்டினா. ரெண்டு பேரும் வேணாம், என்கூட வந்துடறியான்னு கேட்டேன். அதுக்கும் ஆட்டிட்டா. இதை வச்சு நான் என்ன முடிவு பண்றது?"

பிள்ளையின் அப்பா குனிந்துகொண்டு சொன்னார்: "என்கிட்டயும் அப்டித்தாம்மா. இதுவரைக்கும் ஒரு வார்த்த பேசினதில்ல."

அவர் குரல் உடைந்ததைக் கேட்டு எனக்கும் கஷ்டமாக இருந்தது. ஜட்ஜம்மா என்னைப் பார்த்தார். "நீங்க சமரசத்துல சம்மதிச்சதா சொல்றாங்க. பிள்ளைய அப்பாகிட்ட அனுப்ப உங்களுக்குச் சம்மதமா?"

என் தலை தானாக அசையத் தொடங்கியது. அதை நான் உணர்ந்தேன். கழுத்தை விறைத்து நிறுத்தினேன்.

"இல்லீங்க."

"ஏன்?"

"அவர் கெட்டவர் இல்லீங்க. பிள்ளைக்கு வீசிங் வருங்க. இருமல் ஆரம்பிச்சா படுக்க வைக்கக் கூடாது, நிமித்தி உக்கார வச்சுக்கணும். சொல்லத் தெரியாது அவளுக்கு. மூக்கு ஓரம் விரியும், அதப் பாத்துதான் கண்டுபிடிக்கணும். அது இவங்களுக்குத் தெரியாதுங்க."

என் வாழ்க்கையில் பெரியவர்கள் முன்னால் நான் அவ்வளவு பேசியதில்லை. "எனக்குத் தெரியாதும்மா" என்று பிள்ளையின் அப்பாவும் ஒப்புக்கொண்டார்.

அடுத்த வாய்தா வரைக்கும் பிள்ளை என்னிடமே இருக்கட்டும், ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா வந்து பார்க்கலாம், பேசிப் பழகட்டும், அதற்குப் பிறகு யோசிக்கலாம் என்றார் ஜட்ஜம்மா. வக்கீல் என் தோளைத் தட்டினார். டெய்லர் அக்கா வராந்தாவிலேயே கையெடுத்துக் கும்பிட்டாள். எனக்கு மட்டும் நிம்மதி வரவில்லை.

வெளியே பிள்ளையின் அப்பாவுடைய மனைவி என் பின்னாலேயே வந்தாள். "அக்கா, வீசிங் வந்தா எந்தப் பஃப் குடுப்பீங்க? எத்தினி தடவ குடுக்கணும்?"

அவளுக்குத் தெரியாததும் எனக்குத் தெரிந்ததுமாக இருந்தது அது ஒன்றுதான். அதைத்தான் ஜட்ஜம்மா முன்னால் காட்டி பிள்ளையைப் பிடித்து வைத்திருந்தேன். அதையும் கொடுத்துவிட்டால் அடுத்த முறை என்னிடம் என்ன மிச்சம் இருக்கும்? ஆனால் எந்த வீட்டில் இருக்கிறோம் என்று பார்த்துக்கொண்டா இழுப்பு வருகிறது? பையிலிருந்து பஃப்பை எடுத்து, எப்படிக் குலுக்க வேண்டும், எப்படி வாயில் வைக்க வேண்டும், எத்தனை தடவை என்றெல்லாம் காட்டினேன். அவள் கவனமாகப் பார்த்துக்கொண்டாள். ரொம்பக் கவனமாகப் பார்த்தாள். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

பஸ்ஸில் பிள்ளை ஜன்னலோரம் உட்கார்ந்து மிட்டாயைச் சப்பிக்கொண்டு வந்தாள். யாரோடு இருக்க உனக்குப் பிடிக்கும் என்று கேட்டுவிட வாய் வரை வந்தது. கேட்கவில்லை. கேட்டால் தலையாட்டுவாள். அதற்கு ஆமாம் என்று அர்த்தமா, காதில் விழுகிறது என்று அர்த்தமா என்று எனக்கே தெரியாது.

மறுநாள் அவளுக்கு இருமல். பள்ளிக்கு அனுப்பவில்லை. நானும் வேலைக்குப் போகவில்லை, அவளை நிமிர்த்தி உட்கார வைத்து மூக்கோரத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.