ஹில்டா அம்மா எழுதிக்கொண்ட ஊர்

இப்படி ஆகும் என்று நான் முன்பே சொன்னேன். பல வருடங்களுக்கு முன் அட்டன் ஸ்டேஷனில் ஹில்டா அம்மாவை வழியனுப்பியபோதே, "இந்த இருமலை லேசாக நினைக்காதீர்கள்" என்றேன். கேட்டவர்கள் டிக்கோயாவில் இன்னும் இருக்கிறார்கள். அதனால் அவர் இறந்துவிட்டார் என்று அவருடைய தங்கையின் கடிதம் வந்தபோது எனக்கு ஆச்சரியம் இல்லை. கடைசி வரி வரை வாசிக்கத்தான் முடியவில்லை.

லிந்துலைத் தோட்டங்களில் அவரைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். கொழும்புப் பறங்கி அம்மா, மானிடவியல் படித்தவர். இந்தத் தீவில் கொழுந்து பறிக்கும் பெண்கள் தங்களை யார் என்று நினைக்கிறார்கள் என்று எழுத வந்தார். தமிழ் தெரியாது. நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன்தான். ஆனாலும் தோட்டத்து டிஸ்பென்சரியில் டாக்டர் ஐயாவின் இங்கிலீஷையே திருத்தியவன். மூன்று மாதம் அவருக்கு வாயும் காதும் நான்தான். அவர் புத்தகத்தில் பாதி என்னுடையது என்றால் மிகையில்லை.

ஒரு நாள், காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் ஆண்கள் சூழ்ந்து நின்று, கண்ணால் காணாத இந்திய ஊர்களைத் தங்கள் ஊர் என்று சொன்னார்கள். அம்மா பென்சிலை நிறுத்தி, "பெண்களைக் கேள்" என்றார். கங்காணி சிரித்தார்.

"பொம்பளைக்கி ஏதுங்க ஊரு? புருசன் ஊருதான்."

"அப்ப இந்த லயத்து வீட்டுல அஞ்சு பிள்ள பெத்தேனே, அது யாரு ஊருங்க கங்காணியாரே?" என்றாள் கொழுந்துக்காரி பாக்கியம். களமே சிரித்தது. அம்மா அவள் அப்பன் பிறந்த ஊரைக் கேட்கச் சொன்னார். துறையூர்ப் பக்கம் பிறந்து, பன்னிரண்டு வயதில் கப்பலேறி வந்தவன் என்று தன் கொப்பி நோட்டில் எழுதிக்கொண்டார். அந்தக் கப்பலை நான் சொன்ன விதத்தில் அவர் கண் கலங்கியது.

பிறகு சட்டம் வந்தது. அப்பன் இங்கே பிறந்ததைக் காட்டினால்தான் குடியுரிமை. பாக்கியத்தின் அப்பனுக்குப் பிறப்புப் பதிவு கிடையாது. "அம்மா கொப்பியில இருக்குமே மாமா. கொண்டாரச் சொல்லுங்க" என்று என்னிடம் வந்து நின்றாள்.

அம்மா கொழும்பிலிருந்து ரயிலேறி வந்தார். குடியுரிமை விசாரணைக்கு முன் வெளியே பெஞ்சில் உட்கார்ந்து அந்தப் பக்கத்தைத் திறந்தார். துறையூர் என்று இருந்தது. நான் வாசித்துச் சொன்னதும் பாக்கியம் எழுந்துவிட்டாள்.

"நான் அப்பிடிச் சொல்லவே இல்லியே! அம்மாகிட்டச் சொல்லுங்க மாமா!"

அதையும் நான்தான் மொழிபெயர்த்தேன். 'முன்பு சொன்னதை மறந்துவிட்டாள்' என்றேன்.

"ஒருவர் தன்னைப் பற்றிச் சொன்னதைத் திருத்த எனக்கு உரிமை இல்லை" என்றார் அம்மா. வழக்கமாக அவர் சொல்வதுதான். கொப்பியைப் பையில் வைத்துவிட்டு, பாக்கியத்தின் கையை வெகுநேரம் பிடித்துக்கொண்டிருந்தார்.

பாக்கியம் நாடற்றவள் ஆனாள். இப்போது பிள்ளைகளோடு இந்தியாவுக்குப் போகப் பெயர் கொடுக்கச் சொல்கிறார்கள். எந்த ஊருக்கு என்று அவளுக்கே தெரியாது.

அம்மாவிடமிருந்து எனக்கு மிஞ்சியது அவருடைய கிறிஸ்மஸ் கடிதங்கள். எல்லாவற்றிலும் ஒரே கேள்வி: அவள் ஏன் மாற்றிச் சொன்னாள்? ஒரு வருடமும் நான் பதில் போடவில்லை.

அவள் மாற்றிச் சொல்லவில்லை, அம்மா. அன்று அவள் சொன்னது, "இந்த லயந்தான்" என்று மட்டுமே. லயத்தில் பிறந்தவன் என்று புத்தகத்தில் போட்டால் யார் மதிப்பார்கள் என்று நினைத்து, துறையூரையும் கப்பலையும் நான்தான் சேர்த்தேன்.