பிஸ்கட் டின்னில் இருந்த குரல்

அன்று அந்தக் குரலைக் கேட்டுவிட்டு அப்பா ஏன் “ஆமா” என்றார்? எனக்கு இன்னும் விடை தெரியவில்லை.

கேசட் நாடா சுழலத் தொடங்கும்போது ‘உஸ்’ என்று ஓர் இரைச்சல் வரும், அதற்குப் பின்னால் எங்கோ ரயில் பெட்டிகள் இடித்துக்கொள்ளும் சத்தம், பிறகு அம்மா. பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே ‘குவாட்டர்ஸில்’ அப்போது கடல்தாண்டி ஊருக்குக் கடிதம் எழுதச் சோம்பியவர்கள் கேசட்டில் பேசி அனுப்புவார்கள். அம்மாவும் தஞ்சாவூரிலிருந்த மாமாவுக்காக ஒன்று பேசிவைத்தார். அனுப்புவதற்குள் காய்ச்சலில் இறந்துவிட்டார். அப்பா அதைப் பிஸ்கட் டின்னில் வைத்திருந்து, ஞாயிறுதோறும் மூன்று வயதுத் தங்கை செல்விக்காகப் போடுவார். “செல்விம்மா, அக்கா பேச்ச கேட்டு நடக்கணும், என்னா?” என்று அம்மா மடியிலிருந்த அவளிடமே சொல்லி முடிக்கும் இடம் வந்ததும் அவள் கேசட் ரேடியோப் பெட்டிமேல் கன்னத்தை வைத்துக்கொள்வாள்.

என் பன்னிரண்டாவது பிறந்தநாளன்று வானொலி வாழ்த்தில் என் பெயரை வாசிக்கப்போகிறார்கள் என்று பக்கத்து வீட்டு ஆன்டி வேலியோரம் நின்று கத்தினார். “ஏ பிள்ள, ஓடு! பேர் போயிரும் லா!” அவசரத்தில் கைக்குக் கிடைத்த கேசட்டைப் போட்டுச் சிவப்புப் பதிவுப் பொத்தானை அழுத்தினேன். என் பெயர் வந்தது. அம்மா போய்விட்டார்.

மூன்று நாள் சோறு இறங்கவில்லை. சனிக்கிழமை அப்பா வேலைக்குப் போனதும் கதவைச் சாத்திக்கொண்டு, அம்மாவின் சேலை முந்தானையை வாயருகே பிடித்தபடி, மனப்பாடமாகியிருந்த அத்தனையையும் அவரைப் போலவே பேசிப் பதிவு செய்தேன்.

மறுநாள் செல்வி வழக்கம்போல் கன்னத்தை வைத்தாள். சட்டென்று நிமிர்ந்து, “அப்பா, அம்மாதானே?” என்றாள். அப்பா என்னைப் பார்த்தார்.

“ஆமாம்மா, அம்மாதான்.”

அதற்குப் பிறகு கேசட்டைப் போட்டுவிட்டு, செடிகளுக்குத் தண்ணீர் ஊற்ற வெளியே போய்விடுவார். மழை பெய்த ஞாயிறுகளிலும் போனார்.

அப்பா இறந்து இரண்டு வருடமாகிறது. குவாட்டர்ஸை இடித்துவிட்டார்கள், அங்கே தகரவேலிதான் நிற்கிறது. அம்மாவின் குரலை நினைக்க முயன்றால், முந்தானைக்குள் பேசிய அந்தப் பிள்ளையின் குரல்தான் எனக்கும் வருகிறது.

அடுத்த மாதம் கிள்ளானில் செல்விக்குக் கல்யாணம். மணவறை ஏறுமுன் அம்மா குரலைக் கேட்க வேண்டுமாம். நாடா தேய்ந்துதான் குரல் மெலிந்துவிட்டது என்று நம்புகிறாள். போன வாரம், நான் என் மகளை அதட்டியதைக் கேட்டுச் சிரித்தாள்.

“அக்கா, நீ இப்ப அப்படியே கேசட்ல உள்ள அம்மா மாதிரியே பேசுற லா!”

அடுப்பைப் பார்ப்பதுபோல் திரும்பிக்கொண்டேன்.

சொல்லிவிட்டால் அவளுக்கு இருக்கும் ஒரே அம்மாவையும் நானே இரண்டாம் முறை அழித்தவளாவேன். சொல்லாமல் அவள் அந்தப் பெட்டியைக் கும்பிட்டுக் கிளம்புவதைப் பார்த்துக்கொண்டு நிற்க என்னால் முடியுமா? அப்பாவைப் போல வெளியே போய்விட எனக்குச் செடிகூட இல்லை, நான்காவது மாடி. வாசகர்களே, உங்களில் யாருக்காவது இப்படி நேர்ந்திருந்தால், என்ன செய்தீர்கள் என்று எழுதுங்கள். கல்யாணத்துக்கு முன்பே எழுதுங்கள்.