பூத மருத்துவமனையை மூடிய ஆணையம்

எங்கள் நர்சிங் கல்லூரி அலுவலக மேலாளருக்கு ஒரே ஒரு ஆசை. ஆய்வுக்கு வருகிறவர்களின் நாற்காலியில் ஒருநாளாவது உட்கார வேண்டும். வருஷா வருஷம் ஆய்வுக் குழு வரும்போதெல்லாம் சால்வையும் முந்திரித் தட்டுமாகக் கதவோரம் நின்று முதுகு வளைந்ததுதான் அவருக்கு மிச்சம். அதனால் அவரே ஒரு நாட்டைக் கற்பனை செய்து, அதற்கு ஓர் ஆணையத்தையும் வைத்து, தானே தலைவரும் ஆகிவிட்டார்.

ஏழுவாசல் நாட்டு நிறுவனங்கள் ஒழுங்குமுறை ஆணையம். செங்கம் ரோட்டில் வெள்ளைக்காரர்கள் இஞ்சி டீயை வைத்துக்கொண்டு மலையைப் பார்த்து உட்கார்ந்திருக்கும் ஒரு மாடிக் கடையில் ஞாயிறு காலையில் கூடும். கல்லூரிக்காரர்கள் வேறு யாரும் அந்தப் பக்கம் வரமாட்டார்கள். ஞாயிறும் பௌர்ணமியும் சேர்ந்து வந்தால் மட்டும் விடுமுறை, கிரிவலக் கூட்டத்தில் ரோட்டைக் கடக்க முடியாது. ஆட்கள் மூன்றே பேர். அவர், கல்லூரி நூலகர், நர்சிங் டியூட்டரான நான். அந்தக் கற்பனை நாட்டில் நூலகர் யாளிகளுக்குப் பள்ளிக்கூடம் நடத்தினாள். நான் பூதங்களுக்கு மருத்துவமனை. மேலாளர் கழுகின் மேல் வந்து இறங்கி, ஒரு பூதத்துக்கு எத்தனை கட்டில், வகுப்பறையில் வால் நீட்ட இடமுண்டா என்று குடைவார். மூட முடிவு செய்தால் டீ கிளாஸை மேசையில் கவிழ்த்து, "சாம்பல் ஆகட்டும்" என்பார். நூலகரின் முதல் பள்ளிக்கூடம் அப்படித்தான் போனது. நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன்.

ஆணையத்தின் விதிகளில் எனக்குப் பிடித்தது ஒன்று. ஒரு நிறுவனத்தை நடத்துகிறவர் அதன் குறையைத் தானே வாய்விட்டுச் சொல்லிவிட்டால் மூடக்கூடாது. மறைத்தால்தான் சாம்பல். அந்த விதியைச் செய்தவரும் அவரே.

என் முறை வந்தது. நான் எழுந்து நின்று சொன்னேன். ஆய்வு நாளில் என் மருத்துவமனையில் படுத்திருக்கும் பூதங்களுக்கு ஒரு நோயும் இல்லை. பறக்கும் வண்டியில் போய் நல்ல திடகாத்திரமான பூதங்களாகப் பிடித்துவந்து, கட்டுப் போட்டு, முனகக் கற்றுக்கொடுத்து, மத்தியானம் பிரியாணி போட்டு அனுப்புகிறேன். அவருக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. "குறை ஒப்புக்கொள்ளப்பட்டது. ஆணையம் மகிழ்கிறது," என்றார்.

மகிழாமல் என்ன செய்வார். எங்கள் கல்லூரியின் கதையே அதுதான். சாதாரண நாளில் எங்கள் கல்லூரி மருத்துவமனைக் கட்டிலில் பூனைதான் படுத்திருக்கும். ஆய்வு என்றால் நோயாளியாகப் படுக்க ஆள் பிடிக்கக் கீழ்பென்னாத்தூர் பக்கம் வேன் போகும். வேனை அனுப்புகிறவர் மேலாளர். ஆட்களை ஏற்றி, கட்டுப் போட்டு, என்ன நோய் என்று சொல்லிக்கொடுப்பது என் வேலை. முடியாது என்று சொல்ல எனக்கு வழியில்லை. வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்துவிட்டார். ஊழியர் பிள்ளை என்ற சலுகையில்தான் என் மகள் அதே நிர்வாகத்தின் பள்ளியில் படித்தாள். என் வேலை போனால் அவள் படிப்பும் அதோடு போய்விடும்.

அந்த வருஷம் உண்மையான ஆய்வுக் குழு சாப்பிட்டுவிட்டுக் கிளம்பிய பிறகு, அதில் ஒருவர் கண்ணாடியை மறந்துவிட்டேன் என்று திரும்பி வந்தார். தொடை எலும்பு முறிந்து காலையில் அசையாமல் கிடந்த மனிதர், மாவுக்கட்டோடு வராந்தாவில் விறுவிறுவென்று நடந்து பிரியாணி அண்டாவிடம் போய், "பீஸு கம்மியா கீது, இன்னொண்ணு வைப்பா" என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

மறுநாள் கல்லூரியை நடத்தும் தாளாளர் என்னைக் கூப்பிட்டனுப்பினார். அவருக்குப் பக்கத்து நாற்காலியில் மேலாளர் உட்கார்ந்திருந்தார். அந்த அறையில் அவர் உட்கார்ந்து நான் பார்த்தது அன்றுதான். நூலகர் சுவரோரம் நின்றாள்.

"யார் ஏற்பாடு இதெல்லாம்?" என்றார் தாளாளர். எத்தனை அண்டா பிரியாணி என்று முந்தின நாள் கேட்டவரே அவர்தான்.

"மேடம்தான் சார்," என்றார் மேலாளர். "ஆளுங்கள புடிச்சாந்து கட்டுப் போடுறேன்னு அவங்களே சொல்லிச் சிரிச்சாங்க. லைப்ரரி மேடமும் கூட இருந்தாங்க."

நூலகரைப் பார்த்தேன். என்னை அக்கா அக்கா என்று சுற்றி வந்தவள். என் மகளுக்குக் காதுகுத்தும்போது மடியில் வைத்துக்கொண்டவள். தரையைப் பார்த்தபடி, "சொன்னாங்க சார்" என்றாள்.

"அது விளையாட்டுல சொன்னது. வேன் அனுப்பினதே நீங்கதானே சார்?"

"வேன் கேட்டாங்க, அனுப்புனேன். உள்ள யார ஏத்துறாங்கனு நான் இன்னாத்த கண்டேன்?"

அப்போதாவது நான் வாயை மூடியிருக்கலாம். "உண்மைய சொன்னா மூட மாட்டேன்னீங்களே சார்," என்றேன். தாளாளர் புரியாமல் அவரைப் பார்த்தார். மேலாளர் பதறவே இல்லை. எனக்காக இரக்கப்படுகிற குரலில், "மேடம் ரொம்ப டென்ஷன்ல இருக்காங்க சார்," என்றார். அன்று சாயங்காலமே என்னை அனுப்பிவிட்டார்கள். மகளுக்கு அந்த வார இறுதி வரை டயம் கொடுத்தார்கள். பெருந்தன்மை.

நான் அழவில்லை. வேறு வேலை தேடவும், மகளை அரசுப் பள்ளியில் சேர்க்கவும் அலைந்ததில் அழ நேரமில்லை.

ஆணையத்துக்கென்று செல்போனில் ஒரு குழு வைத்திருந்தோம். என்னை அதிலிருந்து நீக்க மறந்திருந்தார்கள். ஞாயிறு காலை மேலாளர் எழுதியிருந்தார்: "பூத மருத்துவமனை மூடப்படுகிறது. காரணம், நடத்துகிறவர் குறையை மறைத்தார்." அதற்குக் கீழே நூலகர் எழுதியிருந்தாள்: "சாம்பல் ஆகட்டும்."

இல்லாத நாட்டில், யாருக்கும் காசு பெறாத ஓரிடத்தில்கூட நான் உண்மை சொன்னது சொன்னதாக இருக்கக்கூடாது அவர்களுக்கு. அப்போதுதான் அழுதேன். பழைய சீருடையிலிருந்து பள்ளி பேட்ஜைப் பிரித்துக்கொண்டிருந்த மகள் பயந்துபோய் எழுந்து வந்தாள்.

"இன்னாம்மா ஆச்சி?"

"ஒரு ஆஸ்பத்திரிய மூடிட்டாங்க."

"அதுல படுத்திருக்கிறவங்கள்லாம் எங்கம்மா போவாங்க?"

அவர்களுக்கு ஒரு நோயும் இல்லை, வேனில் ஏற்றிப்போய் வீட்டு வாசலில் இறக்கிவிடுவார்கள் என்று சொன்னேன்.