அப்பா கொண்டுவந்த வெள்ளை

சேவியரின் எடிட்டிங் அறைக்குள் நுழைந்ததும் பிளீச்சிங் பவுடர் வாசம் அடித்தது. காலையில் யாரோ தரையைக் கழுவியிருக்கிறார்கள், அவ்வளவுதான். எனக்கு அது அப்பாவின் வாசம். திருப்பூர் வீரபாண்டியில் ஒரு சலவைப் பட்டறையில் பனியன் துணி வெளுக்கிற வேலை அவருக்கு. சோறு பிசைந்து ஊட்டும்போதுகூட விரலில் அது இருக்கும். சோற்றுக்கே அந்த வாசம்தான் என்று வெகுநாள் நினைத்திருந்தேன் என்றால் சிரிப்பீர்கள்.

சேவியர் கல்லூரித் தோழன். கடைசி வருடத்தில் நான் எடுத்த ஆவணப்படத்தின் டேப்பைக் கணினியில் ஏற்றிக்கொண்டிருந்தான்.

"என்னலே, குடும்பத்துக்கே மஞ்சத்தண்ணி ஊத்துன மாதிரி இருக்கு? சரி பண்ணிரட்டுமா?"

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அப்படிப்பட்டவன் கையில் கேமரா வந்தால் அலட்டல் இருக்காதா? திருப்பூருக்குக் குடிவந்த நாளைப் பற்றி அப்பா அம்மாவுக்கு என்ன ஞாபகம் என்று கேட்பதுதான் படம். தொடங்குமுன் எது வெள்ளை என்று கேமராவுக்கு ஒருமுறை காட்ட வேண்டும்; அதை வைத்துத்தான் மற்ற நிறங்களை அது எடுத்துக்கொள்ளும். ஒரு வெள்ளைத்தாள் கேட்டேன். அப்பாவுக்குப் பொறுக்கவில்லை.

"பேப்பரெல்லாம் ஒரு வெள்ளையா கண்ணு?" என்று பட்டறையிலிருந்து ஒரு துண்டுத் துணி கொண்டுவந்தார். "எக்ஸ்போர்ட்டுக்குப் போறது. இதுக்கு மேல வெள்ளையே கெடையாது."

"ஆமாங்க, ஊட்டு வேட்டிதான் வெளுக்கவே மாட்டேங்குது" என்றாள் அம்மா.

அப்பாவின் சிரிப்போடுதான் டேப் தொடங்குகிறது. கேள்விக்கு அவர் சொன்ன பதில்: "வந்தோம். மறுநாள் வேலைக்குப் போனேன். அதுல என்ன கண்ணு இருக்குது?"

வெளிநாட்டுக்காரன் கண்ணைப் பறிக்க அந்தத் துணியில் நீலம் ஏற்றியிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றவே இல்லை. நீலத்தை வெள்ளை என்று நம்பிய கேமரா, எல்லாவற்றிலும் நீலத்தைக் குறைத்து, சுவர், அம்மா, அப்பா எல்லாவற்றையும் மஞ்சளாக்கிவிட்டது. வகுப்பில் திரையிட்டபோது, பழைய நினைவுக்குப் பொருத்தமான நிறம் என்று ஆசிரியர் பாராட்டினார். திட்டமிட்டுச் செய்தவன் போல நானும் தலையாட்டினேன்.

அந்த மழைக்காலம் முடிவதற்குள் அப்பா மஞ்சள்காமாலையில் போய்விட்டார். ஆஸ்பத்திரியில் டாக்டர் ஒன்று கேட்டார்: "கண்ணெல்லாம் மஞ்சளாகி ரொம்ப நாள் இருக்குமே, ஊட்டுல யாருமே பாக்கலீங்களா?"

அம்மா என்னைப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். அழுகை வரவில்லை, இன்றுவரை வரவில்லை. அவர் முகத்தையே ஒரு நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தவன் நான். அன்றைக்கே மஞ்சள் இருந்ததா? டேப்பிடம் கேட்கலாம் என்றால், டேப்பில் எல்லோருமே மஞ்சள்.

"சரி பண்ணு" என்றேன் சேவியரிடம்.

சேவியர் மஞ்சளைக் கொஞ்சம் கொஞ்சமாக இறக்கினான். சுவர் வெள்ளையானது. அம்மா தன் மாநிறத்துக்கு வந்தாள். அப்பாவின் வேட்டி பழுப்பாகவே நின்றது. அம்மா சொன்னது சரிதான்.

அப்பாவின் கண்கள் மட்டும் மஞ்சளாகவே இருந்தன.

"இன்னுங் கொஞ்சம் எடுக்கட்டுமால?"

"போதும் மாப்ள."

அம்மாவிடம் சொல்லவில்லை. நானும் சேவியரும் டீ குடித்தோம். வேறு ஏதோ பேசினோம்.

அப்பா வேலை பார்த்த பட்டறை இப்போது அட்டைப்பெட்டி குடோன். அந்தப் பக்கம் போனால் வாசமே இல்லை. அந்தத் துண்டுத் துணி மட்டும் என் கேமராப் பையில் கிடக்கிறது. துவைத்துத் துவைத்து அதன் நீலமெல்லாம் போய்விட்டது. இப்போது கேமராவுக்கு அதைக் காட்டினால் எல்லோரும் அவரவர் நிறத்தில் இருப்பார்கள்.