மலர் ரீச்சர் எடுக்கவிடாத கதிரை

பதினோராம் வகுப்பில் இடாப்புக் கூப்பிட்டுக்கொண்டிருந்தபோது அதிபர் வாசலில் வந்து நின்று என்னை வெளியே அழைத்தார். "தெல்லிப்பழை ஆசுப்பத்திரியிலயிருந்து இப்பதான் கோல் வந்தது, மாஸ்ரர். எங்கடை மலர் ரீச்சர் மோசம் போயிட்டா" என்றார். நான் திரும்பிப் போய் மிச்சப் பெயர்களையும் கூப்பிட்டேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை. யார் வந்திருந்தார்கள், யார் வரவில்லை என்று பிறகு இன்னொரு தடவை கூப்பிட வேண்டியிருந்தது.

அவரோடு படிப்பித்தவர்களுக்கும் அவரிடம் படித்தவர்களுக்கும் இதை எழுதுகிறேன். எங்கள் கடற்கரைப் பள்ளிக்கூடத்தில் அவருக்கு மனையியல், எனக்குக் கணிதம். வெள்ளிக்கிழமை பள்ளி விட்டதும் மற்றவர்கள் வீட்டுக்கு ஓட, அவர் பள்ளிக்கு வராமல் நின்றுவிட்ட பிள்ளைகளின் வீடுகளுக்கு ஸ்கூட்டரில் போவார். யாரும் போகச் சொன்னதில்லை. "மனையியல் எண்டால் மனைமனையாத் திரியிறதோ, ரீச்சர்?" என்று ஒருமுறை நக்கலடித்தேன். "ஓம் மாஸ்ரர். நீங்கள் கணக்கிலை துரத்திற பிள்ளையளை நான்தானே தேடித் திரியவேணும்" என்றார். ஆசிரியர் ஓய்வறையே சிரித்தது, நானும் சிரித்தேன்.

தவணைக்கு ஒருமுறை, இடைவிலகிய பிள்ளைகளின் பெயரையும் காரணத்தையும் ஒரு படிவத்தில் நிரப்பி அனுப்ப வேண்டும். அது என் வேலை. முதல் பெயருக்கு நேரே 'குடும்ப வறுமை' என்று எழுதிவிட்டு, கீழே உள்ளவற்றுக்கெல்லாம் 'மேற்படி' என்று போட்டுக்கொண்டே போவேன். அவர் ஒருநாள் அதை எடுத்துப் பார்த்தார். "எல்லாருக்கும் ஒரே காரணமே, மாஸ்ரர்? ஆரைக் கேட்டனீங்கள்?" நான் யாரையும் கேட்டிருக்கவில்லை. அந்தப் பட்டியலில் இருந்த வல்வெட்டித்துறைப் பையன் தகப்பனோடு கடலுக்குப் போகிறான் என்று நாங்களாகவே முடிவு கட்டியிருந்தோம். இவர் போய்ப் பார்த்தால் அவன் வீட்டில்தான் கிடக்கிறான். மூக்குக்கண்ணாடி உடைந்து இரண்டு மாதம், வீட்டில் சொல்லப் பயம். "கரும்பலகை தெரியாமல் அந்தப் பிள்ளை எத்தினை நாளைக்குத் தெரிஞ்ச மாதிரி இருக்கிறது?" என்று என்னிடம் கேட்டார். அவனுக்குக் கரும்பலகையில் எழுதியவன் நான்தான்.

எங்கள் பள்ளியில் தளபாடம் எப்போதும் குறைவு. ஒரு பிள்ளை ஒரு மாதம் வராவிட்டால் பக்கத்து வகுப்பில் இருந்து கதிரை கேட்டு வந்துவிடுவார்கள். மலர் ரீச்சர் விடமாட்டார். "கதிரையைத் தூக்கிப்போட்டால் திரும்பி வாற பிள்ளை எங்கை இருக்கிறது?" என்று அதிபரோடேயே சண்டைக்குப் போயிருக்கிறார். வெறும் கதிரைக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா என்று எனக்கு எரிச்சலாக இருக்கும்.

அப்படித்தான் என் வகுப்பில் தர்சிகாவின் கதிரையும் நின்றது. தகப்பன் அவள் கைக்குழந்தையாக இருந்தபோதே பிரான்சுக்குப் போனவர். அவள் பதினோராம் வகுப்பில் இருக்கையில், தாயும் மகளும் அங்கே போக எல்லாம் சரிவந்துவிட்டது என்று பயணம் சொல்லத் தொடங்கினார்கள். இங்கே வெளிநாடு போகிறவர்கள் வீடு வீடாகப் போய்ப் பயணம் சொல்ல வேண்டும், ஒரு வீட்டை விட்டாலும் குறை. தொண்டைமானாற்றில் ஓர் ஒழுங்கை விடாமல் சொன்னார்கள். சந்நிதியில் அர்ச்சனை செய்தார்கள். வகுப்பில் ரொபி கொடுத்தாள், பிள்ளைகள் அழுதார்கள், நான் வாழ்த்துரைகூடப் பேசினேன். பத்தே நாளில் விசா மறுக்கப்பட்டது.

ஒரு திங்கட்கிழமை வெள்ளைச் சீருடையோடு வகுப்பு வாசலில் வந்து நின்றாள். எனக்கு வாய் சும்மா இருக்காது. "என்ன பிள்ளை, பாரிஸ் இவ்வளவு கிட்டவோ? அதுக்குள்ளை போயிட்டு வந்திட்டீர்?" என்றேன். வகுப்பு விழுந்து விழுந்து சிரித்தது. அவளும் சிரித்தாள். இடைவேளையோடு வீட்டுக்குப் போனவள் பிறகு வரவில்லை. அந்தத் தவணைப் படிவத்தில் அவள் பெயருக்கு நேரே நான் எழுதிய காரணம் 'வெளிநாடு செல்லல்'.

மலர் ரீச்சர் அதை வாசித்துவிட்டு, "மாஸ்ரர், இந்தப் பிள்ளை தொண்டைமானாத்திலை இருக்குது" என்று மட்டும் சொன்னார். எப்படியும் போகிற பிள்ளைதானே என்று நான் அலட்சியமாகச் சொன்னேன். சாதாரண தரப் பரீட்சை முடியும் வரைக்கும் அந்தக் கதிரை இரண்டாம் வரிசையில் வெறுமனே கிடந்தது.

இது நடந்து ஐந்து வருடம். ரீச்சரின் செத்தவீட்டில் பந்தலோரம் நின்றபோது ஒரு பெண் பக்கத்தில் வந்தாள். "சேர், என்னைத் தெரியுதோ?" தெரிந்தது. நெல்லியடியில் ஒரு புடவைக்கடையில் வேலை செய்கிறாளாம். விசா பிறகும் வரவில்லையாம்.

"ரீச்சர் வெள்ளிக்கு வெள்ளி வாறவா, சேர். பயணம் சொன்ன ஆக்களின்ரை முகத்திலை முழிக்க வெக்கத்திலை நான் அறையை விட்டு வரமாட்டன். அவ அம்மாவோடை கதைச்சு, தேத்தண்ணி குடிச்சுப்போட்டுப் போயிடுவா. ஏன் வரேல்லையெண்டு ஒருநாளும் கேக்கேல்லை. கடைசியிலை நான்தான் கேட்டன், சேர் என்னைப் பற்றி ஏதும் கேட்டவரோ எண்டு."

"என்ன சொன்னவா?"

"கிழமைக்குக் கிழமை கேக்கிறவர், உன்ரை கதிரையை ஒருத்தரையும் தொட விடுறாரில்லை எண்டு சொன்னவா. திங்கக்கிழமை பள்ளிக்கூட உடுப்பும் போட்டிட்டன், சேர். வீட்டுப் படலை மட்டும் வந்தனான். அங்கால கால் வரேல்லை." பிறகு, "எனக்கு உங்களிலை கோவமில்லை, சேர். நீங்கள் கேட்டுக்கொண்டுதானே இருந்தனீங்கள்" என்றாள்.

நான் ஒருநாளும் கேட்கவில்லை. அதைச் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் பெட்டியைத் தூக்கினார்கள், பெண்கள் குழறி அழுதார்கள். செத்தவீட்டில் போயிட்டு வாறன் என்று சொல்லக்கூடாது. அவளும் சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டாள். எனக்கு அடக்க முடியாமல் அழுகை வந்தது. ரீச்சருக்காக அழுகிறேன் என்று பக்கத்தில் நின்றவர்கள் நினைத்திருப்பார்கள், அதுவும் உண்மைதான்.

மலர் ரீச்சரிடம் இருந்து என்னிடம் மிஞ்சியிருப்பது, என் பெயரில் அவர் சொன்ன அந்தப் பொய். நான் இருந்திருக்க வேண்டிய மாஸ்ரரை அவர் அந்தப் பிள்ளைக்குச் சொல்லியிருக்கிறார். இப்போது என் வகுப்பில் ஒரு பிள்ளை மூன்று கிழமையாக வரவில்லை. நேற்றுக் கதிரை கேட்டு வந்தவர்களைத் திருப்பி அனுப்பினேன். படிவத்தில் காரணம் எழுதாமல் வைத்திருக்கிறேன். வெள்ளிக்கிழமை அந்த வீட்டுக்குப் போய்விட்டு, அப்படியே தொண்டைமானாற்றுக்கும் போவேன். பள்ளிக்கு வராமலே சாதாரண தரம் எழுதுகிறவர்களுக்கான பரீட்சை விண்ணப்பம் ஒன்றைப் பையில் வைத்திருக்கிறேன். தர்சிகாவை எப்படி இருக்கிறீர் என்று கேட்க வேண்டும். அதை நான் எத்தனையோ தரம் கேட்டுவிட்டதாக அவள் நினைத்துக்கொண்டிருக்கிறாள். நான் கேட்கப்போவது இதுதான் முதல் தரம்.