பிராந்திக் கடை வாசலில் இத்ரீஸ் பாய்

செவ்வாய்க்கிழமை காலை இத்ரீஸ் பாயின் மகள் தொலைபேசியில் அழைத்தாள். "அங்கிள், அத்தா மவுத்தாயிட்டாங்க. அசர் தொழுகைக்கு அப்புறம் அடக்கம்" என்றாள். சரி என்றேன். வேறு ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். பாதியில் விட்ட இட்லியைச் சாப்பிட்டு முடித்தேன். ருசி தெரியவில்லை, அழுகையும் வரவில்லை.

எங்கள் துறையில் வேலை பார்த்த உங்களில் பலருக்கு அவரை என்னைவிட நன்றாகத் தெரிந்திருக்கும். இதை எழுத நான் பொருத்தமானவன்தானா என்று நிச்சயமில்லை. ஒரு விஷயம் மட்டும் எனக்குத்தான் தெரியும் என்பதால் எழுதுகிறேன்.

ஒரு மழைக்காலத்தில், என் பொறுப்பிலிருந்த கிடங்குத் தார்ப்பாய்களை மேலிடத்து உத்தரவில்லாமல் வெளியே அனுப்பினேன் என்று குற்றச்சாட்டு வந்தது. உத்தரவு தொலைபேசியில் வந்திருந்தது. கொடுத்த அதிகாரி, கொடுக்கவே இல்லை என்றார். விசாரணை முடியும்வரை என்னைப் பணியிடை நீக்கம் செய்தார்கள். நிரூபணமானால் வேலை போய்விடும். புதுச்சேரியில், சாரம் பகுதியில், எங்கள் தெருவாரிடம் நீண்ட விடுப்பு என்று சொல்லிவைத்தேன். விசாரணையில் என் பக்கம் பேச ஒரு சக ஊழியரை வைத்துக்கொள்ளலாம். சிலர் நழுவினார்கள். பாய் தானாக வந்தார். வெளியே யாரிடமும் சொல்ல வேண்டாம் என்று மட்டும் அவரைக் கேட்டுக்கொண்டேன்.

அனுமதியின்றிப் புதுச்சேரியை விட்டு வெளியேறக் கூடாது என்றது பணியிடை நீக்க உத்தரவு. பாயின் வீடு கோட்டக்குப்பத்தில். முத்தியால்பேட்டை முடிந்ததும் சாலைக்கு அந்தப் பக்கம் தமிழ்நாடு. நான் இந்தப் பக்கமே நின்றுவிட்டேன். "நாலு எட்டு வெச்சா வீடு சார். பாஸ்போர்ட்டா கேக்கப் போறான்?" என்று சிரித்தார். பிறகு அவரே சாலையைக் கடந்து வரத் தொடங்கினார். இந்தப் பக்கம் இருந்தவை எல்லாம் மதுக்கடைகள். தொழுகை தவறாத அந்த மனிதர், மாலைதோறும் ஒரு பிராந்திக் கடை வாசலில் நின்று, மறுநாள் கேட்கக்கூடிய கேள்விகளுக்கு என்னைத் தயார் செய்தார். "தெரியாதுன்னா தெரியாதுன்னு சொல்லுங்க சார். ஐயா கோச்சுக்குவாருன்னு ஆமாம்னு சொல்லிடாதீங்க" என்பார். என் சுபாவம் அவருக்குத் தெரியும்.

விசாரணையில் அவர் அதிகம் பேசவில்லை. "ஐயா, இவரு உத்தரவில்லாம ரோட்டத் தாண்டி என் வீட்டுக்கு டீ குடிக்க வரமாட்டாரு. தார்ப்பாயையா அனுப்புவாரு?" என்றார். விசாரணை அதிகாரி சிரித்துவிட்டார். ஆனாலும் அந்த மேலதிகாரியை மறுபடி கூப்பிட்டுக் கேட்டார். தொலைபேசியில் தான் உத்தரவு சொல்லியிருக்கக்கூடும் என்று அவர் இறங்கி வந்தார். எனக்கு வேலை திரும்பக் கிடைத்தது. அதன்பின் பாய் வீட்டில் எத்தனையோ முறை டீ குடித்திருக்கிறேன். அந்த நாட்களைப் பற்றி நாங்கள் பேசிக்கொண்டதில்லை.

செவ்வாய்க்கிழமை அடக்கத்துக்குப் போனபோது, சாலையைக் கடக்குமுன் பழக்கத்தில் கால் நின்றது. பிறகு கடந்தேன். பாய் வீட்டு வாசலில் நாற்காலிகள் போட்டிருந்தார்கள். பக்கத்தில் இருந்த பெரியவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கடை வாசல்ல பாயோட நின்னவரு நீங்கதானே?"

ஆமாம் என்றேன்.

"பள்ளிவாசல் ஜமாத்துல கூப்பிட்டு வெச்சுக் கேட்டோம். குடிக்கலன்னாரு. அப்புறம் அங்க என்ன வேலைன்னா, அது சிநேகிதர் சமாச்சாரம், சொல்ல மாட்டேன்னுட்டாரு. நம்பாதவங்க இன்னும் இருக்காங்க."

எனக்கு இது தெரியாது. பாய் ஒருநாளும் சொன்னதில்லை. சுற்றிலும் பத்துப் பேராவது இருந்தார்கள். எழுந்து நின்றேன். "நான் அப்போ சஸ்பென்ஷன்ல இருந்தேன். எல்லை தாண்ட பயந்துக்கிட்டு அங்க நின்னேன். எனக்காகத்தான் பாய் வந்தாரு" என்றேன். பெரியவர், பின்னால் இருப்பவர்களுக்குக் கேட்கவில்லை என்றார். இன்னொரு முறை சொன்னேன்.

சஸ்பென்ஷன் என்ற அந்த வார்த்தையை வெளியாரிடம் நான் சொன்னது அதுவே முதல் தடவை. அவர் காத்துவந்த என் ரகசியம் இப்போது என்னிடம் இல்லை. அவர் கடந்து வந்த அந்தச் சாலை மட்டும் என்னிடம் இருக்கிறது.