ஆட்குறைப்புப் படிக்க வந்த பதினொரு பேர்

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் நான் லண்டனில் ஒரு கவுன்சிலில், நம்மூர் நகரசபை மாதிரி ஒன்றில், வேலை செய்தேன். வீடு திருத்துகிறவர்கள் உடைத்த செங்கலையும் பழைய குளியல் தொட்டியையும் போடுவதற்குத் தெருவில் ஒரு பெரிய இரும்புத் தொட்டியைக் கொண்டுவந்து வைப்பார்கள். அதற்கு ஸ்கிப் என்று பெயர். அதை வைக்க அனுமதி கொடுக்கும் பிரிவில் நாங்கள் நான்கு பேர். யாழ்ப்பாணத்தில் அரசாங்கக் கந்தோர் ஒன்றில் எட்டு வருடம் கிளாக்காக இருந்துவிட்டு வந்தவள் நான். இங்கே அதைச் சொன்னால் யாரும் அனுபவமாக எடுப்பதில்லை. சின்ன வயதில் வந்து மாறிய ஏதோ நோய் வருத்தத்தைப் பற்றிச் சொல்வதுபோல முகத்தை இரக்கமாக வைத்துக்கொண்டு கேட்பார்கள்.

ஒருநாள் மனேஜர் எங்களைக் கூப்பிட்டு, அடுத்த கிழமை சீனாவிலிருந்து அரச அதிகாரிகள் வருகிறார்கள் என்றார். நாங்கள் நிர்வாகத்தை எப்படிச் சிறிதாக்கினோம் என்று படித்துப் போக வருகிறார்களாம். நாங்கள் அப்போது சிறிதாகியிருக்கவில்லை. சிறிதாவதற்கான கூட்டங்கள் மட்டும் நடந்துகொண்டிருந்தன. அந்தக் கூட்டங்களை ஒழுங்கு செய்ய இரண்டு பேரைப் புதிதாக வேலைக்கு எடுத்திருந்தார்கள்.

வரவேற்பில் நிற்க என்னைத் தெரிவு செய்தார்.

“ஏன் நான்?” என்றேன்.

“நீங்களும் அந்தப் பக்கம்தானே.”

யாழ்ப்பாணத்திலிருந்து பீஜிங் இருக்கும் தூரத்தைவிட லண்டனிலிருந்து மாஸ்கோ கிட்ட. ஆனால் மாஸ்கோக்காரர் வந்தால் வாசலில் நிற்கும்படி மனேஜரை யாரும் கேட்கமாட்டார்கள். நான் சேலை கட்டிக்கொண்டு போய் நின்றேன்.

வந்தவர்கள் பதினொரு பேர். தலைவர், துணைத்தலைவர், மொழிபெயர்ப்பாளர், அவர் ஒழுங்காக மொழிபெயர்க்கிறாரா என்று பார்க்க இன்னொருவர், படம் எடுக்க ஒருவர், மற்றவர்கள் கை தட்ட. தபால் அறையில் எங்கள் ஊர் அண்ணை ஒருவர் வேலை செய்தார். ஊரில் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்தவர். கடித வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தவர் என் காதருகே நின்றார்.

“தங்கச்சி, உவையள் என்னத்துக்கு வந்திருக்கினம்?”

“ஆக்களைக் குறைக்கிறது எப்பிடியெண்டு படிக்க, அண்ணை.”

“அதுக்கோ பதினொரு பேர்?” என்றுவிட்டு வண்டியைத் தள்ளிக்கொண்டு போய்விட்டார்.

இரண்டு கிழமையில் பத்துப் பேர் திரும்பிப் போனார்கள். ஒருவரை மட்டும் மூன்று மாதப் பயிற்சிக்கு விட்டுவிட்டுப் போனார்கள். அவருக்கு என் மேசைக்குப் பக்கத்தில் ஒரு கதிரை போடப்பட்டது. ஐம்பது வயதிருக்கும். ஏதோ ஒரு மாகாண நகரத்தில் இலகு கைத்தொழில் பணியகத்தின் பிரிவுத் தலைவர். அவருடைய ஆங்கிலம் பாடப்புத்தக ஆங்கிலம். அதனால் இங்கே அவரைச் சுத்தத் தமிழில் பேச விடுகிறேன்.

இரண்டாம் நாள் அவர் கேட்டார்: “மேடம், ஒரு விண்ணப்பம் வந்து சேர்ந்ததிலிருந்து முடியும்வரை நான் அதனுடன் நடக்கலாமா?”

அன்று காலை வந்தது ஓய்வுபெற்ற ஒரு பஸ் சாரதியின் விண்ணப்பம். அதைக் கையில் கொடுத்துவிட்டேன். அவர் அதோடு வீதிப் பிரிவுக்குப் போனார். அங்கிருந்து வாகனத் தரிப்புப் பிரிவு. அவர்கள் திகதி எழுத மறந்ததால் திரும்ப என்னிடம். பிறகு நிதிப் பிரிவு. கடைசியில் மனேஜரின் கையெழுத்து. மனேஜர் விரைவான சேவை பற்றிய பயிற்சிக்காக மூன்று நாள் வெளியே போயிருந்தார். எல்லாமாக ஒன்பது நாள். இவர் ஒவ்வொரு கதவுக்கு வெளியிலும் ஒரு குறிப்புப் புத்தகத்தோடு நின்றார்.

பத்தாம் நாள் அனுமதிப் பத்திரத்தை நாங்களே நேரில் கொண்டுபோனோம். தெருவில் ஸ்கிப் இல்லை. அது நின்ற இடத்தில் செங்கல் தூள் மட்டும் சிவப்பாகக் கிடந்தது. கதவைத் திறந்த கிழவர் பத்திரத்தை வாங்கி, இரண்டு பக்கமும் பார்த்து, நன்றி சொல்லிக் கதவைச் சாத்தினார். வீட்டுக்குள் புதுப் பெயின்ட் மணத்தது.

சீன அதிகாரி தெருவிலேயே நின்று அரைப் பக்கம் எழுதினார். என்ன எழுதுகிறீர்கள் என்று கேட்டேன்.

“இங்கே மக்கள் அரசாங்கத்துக்காகக் காத்திருப்பதில்லை. இது பெரிய முன்னேற்றம்.” முகத்தில் ஒரு சிரிப்பும் இல்லை. “எங்கள் நகரத்தில் இதற்குப் பதினேழு முத்திரை வேண்டும். மக்கள் காத்திருப்பார்கள்.”

அன்றிலிருந்து எங்களுக்குள் ஒரு ஒட்டு வந்துவிட்டது. மத்தியானத்தில் கன்டீனில் ஒன்றாக இருந்து சாப்பிடுவோம். கவுன்சிலின் அவித்த உருளைக்கிழங்கை என் பெட்டியில் இருந்த இடிச்ச மிளகாய்ச் சம்பலோடு சேர்த்து, கண்ணில் நீர் வர வர அவர் விரும்பித் தின்பார். அப்படி ஒரு மத்தியானம்தான் தன் கந்தோரைப் பற்றிச் சொன்னார்.

“எங்கள் பணியகத்தில் எண்பது பேர். சுடுதண்ணீர்ப் போத்தல், நெருப்புப்பெட்டி, சைக்கிள் மணி செய்யும் தொழிற்சாலைகளுக்கு இந்த வருடம் எத்தனை செய்ய வேண்டும் என்று நாங்கள் கட்டளை எழுதுவோம். இப்போது நாட்டில் சந்தை வந்துவிட்டது. எவ்வளவு விற்குமோ அவ்வளவைத் தொழிற்சாலைகள் தாங்களே செய்கின்றன. நாங்கள் இன்னும் கட்டளை எழுதுகிறோம். அதை எடுத்துப் போகத்தான் யாரும் வருவதில்லை.”

“அப்ப எண்பது பேரும் என்ன செய்கிறீர்கள்?”

“கூட்டம் வைக்கிறோம். இப்போது பாதிப் பேரைக் குறைக்கச் சொல்லி மேலிடத்து உத்தரவு. இது மூன்றாவது குறைப்பு. முந்திய இரண்டு குறைப்புகளிலும் நாங்கள் எண்ணிக்கையில் கூடிவிட்டோம். குறைப்பைக் கண்காணிக்க ஒரு பிரிவு தேவைப்பட்டது.” சம்பலை இன்னும் கொஞ்சம் எடுத்தார். “போக வேண்டியவர்களின் பட்டியலை எழுதும் பொறுப்பு என்னுடையது. எனக்கு எதிர் மேசையில் பதினெட்டு வருடமாக ஒரு பெண் இருக்கிறார். என் மகளுக்குக் காய்ச்சல் வந்தபோது ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடியவர். அவருடைய பெயரையும் எழுத வேண்டும்.”

“எழுதினீர்களா?”

“லண்டனுக்கு வரச் சந்தர்ப்பம் கிடைத்தது. வந்துவிட்டேன்.”

எங்கள் குறைப்பும் அந்த மாதமே வந்து சேர்ந்தது. பிரிவின் பெயரை மாற்றினார்கள். அனுமதி கேட்டு வருகிறவர்களை இனிமேல் வாடிக்கையாளர் என்று அழைக்க வேண்டும் என்றார்கள். நான்கு கதிரை இரண்டாகும் என்றும், இருக்கும் நான்கு பேரும் தங்கள் சொந்த வேலைக்கே புதிதாக விண்ணப்பிக்க வேண்டும் என்றும் கடிதம் தந்தார்கள். எந்த வேலையைச் செய்துகொண்டிருந்தேனோ அதே வேலையை எனக்குச் செய்யத் தெரியும் என்று நான் நான்கு பக்கத்தில் எழுதிக் கொடுத்தேன்.

நேர்முகத்தில் மேசைக்கு அந்தப் பக்கம் மனேஜரும் வெளியிலிருந்து வந்த ஆலோசகர் ஒருவரும் இருந்தார்கள். மூலையில், பார்வையாளராக, என் சீன நண்பர். நவீன ஆட்தெரிவை அவருக்குக் காட்ட வேண்டுமென்று மனேஜரே கூட்டிவந்திருந்தார்.

ஆலோசகருக்கு முப்பது வயதுகூட இராது. “மாற்றத்தை நீங்கள் எதிர்கொண்ட ஒரு சந்தர்ப்பத்தைச் சொல்லுங்கள்” என்றார்.

சண்டையில் எங்கள் கந்தோர் செல் குண்டு விழுந்து இயங்காமல் போன நாட்களைச் சொன்னேன். கோப்புகளைச் சைக்கிளில் கட்டிக் கொண்டுபோய் ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் மேசை போட்டு, இடம்பெயர்ந்து வந்த சனத்துக்கு மூன்று நாளில் நிவாரண அட்டை கொடுத்து முடித்ததைச் சொன்னேன்.

அவர் மரியாதையாகக் காத்திருந்துவிட்டு, “வேலைத்தளத்திலிருந்து ஒரு உதாரணம் சொல்ல முடியுமா?” என்றார்.

“அதுதான் வேலைத்தளம்.”

அவர் ஏதோ குறித்துக்கொண்டார். மனேஜர் விருந்தாளியைப் பார்த்து, கேட்க ஏதாவது இருக்கிறதா என்றார். சீன அதிகாரி எழுந்து நின்றார்.

“எனக்கு ஒன்று விளங்கவில்லை. இந்த அம்மாவுக்கு இந்த வேலை ஏற்கெனவே இருக்கிறது. இப்போது இங்கே என்ன தெரிவு நடக்கிறது?”

மனேஜர் சிரித்தார். ஆலோசகரும் சிரித்தார்.

எனக்கு வேலை கிடைக்கவில்லை. வளைந்து கொடுக்கும் தன்மை போதாது என்று கடிதத்தில் எழுதியிருந்தார்கள். பெண்கள் கழிவறையில் போய்ப் பத்து நிமிடம் அழுதேன். துக்கத்தைவிட ஆத்திரம்தான் கூட. தபால் அறை அண்ணை தேத்தண்ணி ஊற்றித் தந்தார்.

“உவங்கள் அந்தச் சீனாக்காரனுக்குப் பாடம் எடுக்கிறாங்களாம். நீ அழாதை, பிள்ளை. ஸ்கிப்புக் கேட்டுச் சனம் வாறது நிக்கப்போறதில்லை. பிறகு உன்னைத்தான் தேடுவாங்கள்.”

பயிற்சியின் கடைசி நாளில் சீன நண்பர் தன் அறிக்கையின் ஆங்கிலச் சுருக்கத்தைத் திருத்தித் தரச் சொன்னார். மதிப்புமிக்க அனுபவங்கள், நவீன மேலாண்மை, ஆழமான நன்றி. ஸ்கிப் இல்லை, கிழவர் இல்லை, நானும் இல்லை.

“நீங்கள் நேர்முகத்தில் சொன்னதைக் குறிப்புப் புத்தகத்தில் எழுதி வைத்திருக்கிறேன்,” என்றார். “அறிக்கையில் போட முடியாது. அதை வாசிப்பவர்தான் என்னை இங்கே அனுப்பியவர்.” இரண்டு கையாலும் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

அண்ணை சொன்னது பலித்தது. நான்கு மாதம் ரெய்னர்ஸ் லேனில் வீட்டில் இருந்தேன். அதற்குள் கந்தோரில் தேங்கிப்போன விண்ணப்பங்கள் இரண்டு அலுமாரியை நிறைத்துவிட்டன. ஒருநாள் தற்காலிக வேலைக்கு ஆள் அனுப்பும் ஏஜென்சியிலிருந்து போன் வந்தது: ஒரு கவுன்சிலுக்கு ஸ்கிப் அனுமதியில் அனுபவம் உள்ள ஒருவர் உடனே வேண்டுமாம், எனக்கு ஏலுமா? ஏலும் என்றேன். அதே கதிரை, அதே கோப்பு. கழுத்தில் தொங்கிய அட்டையில் மட்டும் வாடிக்கையாளர் தீர்வு அலுவலர் என்று இருந்தது. மனேஜர் என்னைப் புதிதாகக் காண்பவர்போலக் கை கொடுத்து வரவேற்றார்.

அடுத்த வருடம் சீனாவிலிருந்து கவுன்சில் விலாசத்துக்கு எனக்கு ஒரு கடிதம் வந்தது. அவர் இல்லாத நேரத்தில் பட்டியலை வேறொருவர் எழுதிவிட்டாராம். அதில் முதலாவது பெயர் இவருடையது. எதிர் மேசைப் பெண்ணுடையது இரண்டாவது. குறைக்கப்பட்ட நாற்பது பேரையும் தெருவில் விட முடியாமல் அதே கட்டடத்தின் கீழ்த்தளத்தில் ஒரு கம்பனி தொடங்கிவிட்டார்கள். பணியகத்திடமிருந்த தொழிற்சாலைகளில் நல்ல தொழிற்சாலைகள் எல்லாம் இப்போது கம்பனியிடம். இவர் பொது மேலாளர். அந்தப் பெண் விற்பனைக்குப் பொறுப்பு. மேல்தளத்தில் வேலை தப்பிய நாற்பது பேரும் ஒவ்வொருவராகப் படியிறங்கி வந்து, தங்களையும் குறைத்துவிட முடியுமா என்று கேட்கிறார்களாம்.

கடிதத்தை வாசித்து நான் வாய்விட்டுச் சிரித்ததைக் கேட்டு மனேஜர் அறையிலிருந்து எட்டிப் பார்த்தார். உறையில் சீன முத்திரையைக் கண்டதும் முகம் மலர்ந்தது.

“நம் நண்பரா? என்ன எழுதியிருக்கிறார்?”

“எங்கள் முறை அங்கே நன்றாக வேலை செய்கிறதாம்,” என்றேன்.

கவுன்சிலின் அந்த வருடத்து ஆண்டறிக்கையின் முதல் பக்கத்தில் அந்த வரியைப் போட்டார்கள். அதைப் பிரதி எடுத்து எல்லாப் பிரிவுக்கும் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை தபால் அறை அண்ணைக்கு வந்தது. அவர் என் மேசையில் ஒன்றை வைத்துவிட்டு, வண்டியைத் தள்ளிக்கொண்டு அடுத்த மேசைக்குப் போனார்.